எல்லாம் ‘கிட்னி வருத்தம்’ அல்ல

எனது சாச்சியின் மகளை நான் ராத்தா என்றுதான் அழைப்பேன். சென்ற வருடம் அவர் ஐந்து நாட்கள் அரசாங்க ஆஸ்பத்திரியொன்றின் வார்டில் இருந்துவிட்டு, முற்றாகச் சுகமாகி வீட்டுக்கு வந்தார். வரும்போது கையில் ஓர் அட்டை கொடுத்துவிட்டார்கள். அதில் நோயின் பெயர் ஆங்கிலத்தில் எழுதப்பட்டிருந்தது: ‘அகியூட் பைலோநெப்ரைட்டிஸ்’. காய்ச்சல் போய்விட்டது, வலி போய்விட்டது, மருந்துக் குளிசைகளும் முடிந்துவிட்டன. அந்தச் சொல் மட்டும் இன்னும் வீட்டை விட்டுப் போகவில்லை. அதைப் பற்றித்தான் எழுதுகிறேன். ராத்தாவிடம் கேட்டு, அவர் சம்மதித்த பிறகே பேனாவை எடுத்தேன்.

ராத்தா நகரத்தில் ஒரு கணக்கீட்டு வகுப்புக்குப் போகிறவர். அவர்களது ஊர் அநுராதபுர மாவட்டத்தில், கெக்கிராவைப் பக்கம். பஸ்ஸில் போய்வரவே நெடுநேரம் பிடிக்கும். அந்த வகுப்பு நடக்கும் கட்டடத்தில் பெண்களின் கழிப்பறைக் கதவுக்குக் கொண்டி இல்லை. அதனால் சுபஹுக்குப் பிறகு ஒரு பிளேன்டீ குடித்தால், மாலை வீட்டுக்கு வரும்வரை ஒரு மிடறு தண்ணீரும் குடிக்கமாட்டார். இந்தப் பழக்கம் நம்மில் எத்தனை பேருக்கு இருக்கிறது என்று நான் கேட்கப் போவதில்லை. கேட்டால் நானே முதலில் கையை உயர்த்த வேண்டி வரும்.

சலம் போகும்போது எரிவு தொடங்கி இரண்டு நாட்கள் ராத்தா யாரிடமும் சொல்லவில்லை. மூன்றாம் நாள் சாச்சியிடம் சொன்னார். சாச்சி, “சூடுதான் மகள்” என்று கொத்தமல்லித் தண்ணீரும் செவ்விளநீரும் கொடுத்தார். அடுத்த நாள் இரவு குளிர் நடுக்கத்தோடு காய்ச்சல் வந்தது. காய்ச்சல் என்றால் இப்போது எல்லார் வாயிலும் முதலில் வருவது டெங்குதானே? இரத்தம் சோதித்தார்கள். பிளேட்லட் குறையவில்லை என்றதும் எல்லோருக்கும் நிம்மதி. ராத்தாவோ சாப்பிட்டதையெல்லாம் வாந்தி எடுத்துக்கொண்டிருந்தார்.

ஆஸ்பத்திரியில் டொக்டர், “சலம் போகும்போது எரியுதா?” என்று கேட்டிருக்கிறார். பக்கத்தில் சாச்சா நின்றதால் ராத்தா இல்லையென்று தலையாட்டினார். டொக்டர் அதை நம்பவில்லை போலும். முதுகின் வலப்பக்கம், கடைசி விலா எலும்புக்குக் கீழே கையால் மெதுவாகத் தட்டினார். ராத்தா “உம்மா” என்று கத்திவிட்டார். பிறகு வந்த சலப் பரிசோதனை ரிப்போர்ட்டில் சீழ்க்கலங்கள் ‘ஃபீல்ட் ஃபுல்’ என்று இருந்தது. நுணுக்குக்காட்டியில் பார்த்த இடமெல்லாம் அவையே நிறைந்திருந்தன என்பது அதன் பொருள்.

நான் உயர்தரத்தில் உயிரியல் படிக்கிறேன். அதனால் அந்த அட்டை என்னிடம் வந்தது. “இதில என்ன போட்டீக்கி எண்டு பாத்துச் செல்லுங்களே” என்று சாச்சி கேட்டபோது எனக்கும் சரியாகத் தெரியவில்லை. என் தோழி ஒருத்தி, “பயோ என்றால் சீழ், ஆகவே சீழ் பிடித்த கிட்னி” என்றாள். அவள் நினைத்தது வேறொரு சொல்லை. சீழ் ‘பயோ’, இது ‘பைலோ’. கிரேக்க மொழியில் ‘பியெலொஸ்’ என்றால் தொட்டி. ‘நெப்ரொஸ்’ என்றால் சிறுநீரகம். ‘ஐட்டிஸ்’ என்பது முதலில் ‘அதைச் சார்ந்தது’ என்ற பொருளில் மட்டுமே இருந்த ஒட்டு. வைத்தியர்கள் அதை அழற்சிக்கு ஆக்கிக்கொண்டார்கள். ஆகவே சொல்லைப் பிரித்தால் கிடைப்பது: சிறுநீரகத்திலும் அதன் தொட்டியிலும் ஏற்பட்ட அழற்சி. நடைமுறையில் டொக்டர்மார் இந்தச் சொல்லை எழுதினால், கிருமித் தொற்றினால் வந்த அழற்சி என்றே பொருள் கொள்ள வேண்டும்.

சிறுநீரகத்துக்கு ஏது தொட்டி என்று கேட்பவர்கள், அடுத்த ஹஜ்ஜுப் பெருநாளைக்கு ஆட்டுக் குண்டிக்காய் ஒன்றை நீளவாக்கில் வெட்டிப் பாருங்கள். நான் வெட்டினேன், உம்மா ஏசினார். வெளியே சிவப்புச் சதை. நடுவில் கொழுப்புக்கிடையே வெண்மையான, குழிந்த ஓர் இடம். வடிகட்டிய சலம் முழுவதும் அந்தக் குழிக்குள் வந்து சேர்ந்து, அங்கிருந்து ஒரு மெல்லிய குழாய் வழியே கீழே சிறுநீர்ப்பைக்கு இறங்குகிறது. அந்தக் குழிதான் தொட்டி. எங்கள் டியூஷன் குறிப்பில் அதற்குச் ‘சிறுநீரக இடுப்பு’ என்று இருந்தது. சிறுநீரகத்துக்கு இடுப்பா என்று நாங்கள் சிரித்திருக்கிறோம். பிறகுதான் விஷயம் விளங்கியது. ஆங்கிலத்தில் வழங்கும் ‘பெல்விஸ்’ என்ற இலத்தீன் சொல்லுக்கும் முதற்பொருள் பாத்திரம், தொட்டி என்பதே. இடுப்பெலும்பு பாத்திரம்போல் இருப்பதால் அதற்கு அந்தப் பெயர் வந்தது. தமிழாக்கியவர்கள் பாத்திரத்தை விட்டுவிட்டு இடுப்பைப் பிடித்துக்கொண்டார்கள்.

இதை எங்கள் அரபு மௌலவியாவிடம் சொன்னபோது அவர் இன்னொன்றைச் சொல்லித் தந்தார். அரபியில் இந்த நோய்க்குப் பெயர் ‘இல்திஹாபுல் ஹுவைளா வல் குல்யா’. குல்யா சிறுநீரகம். ஹுவைளா என்றால் சின்ன ஹவ்ள். பள்ளியில் வுளூச் செய்யும் தொட்டியை நாம் ஹவுள் என்கிறோமே, அதே சொல்தான். இல்திஹாப் என்பது சுவாலையைக் குறிக்கும் ‘லஹப்’ என்ற சொல்லோடு பிறந்தது. தமிழில் அழற்சியும் அப்படியே, நெருப்பைக் குறிக்கும் அழலிலிருந்து வந்தது. கிரேக்கர் சொன்ன தொட்டி அரபியில் ஹவ்ளாக இருக்கிறது. நம் ஊர்ப் பள்ளி வாசலிலும் இருக்கிறது. நமக்கு மட்டும் அது இடுப்பாகிவிட்டது.

சொல்லாராய்ச்சி செய்வதற்காக இதை எழுதவில்லை. ராத்தாவுக்கு இரண்டு தமிழ்ச் சொற்கள் கெடுதல் செய்தன என்பது என் அபிப்பிராயம். முதலாவது ‘சூடு’. எரிவும் அடிக்கடி சலம் போவதும் சிறுநீர்ப்பையோடு நின்றால் அது கீழ்வழித் தொற்று. அதற்கும் டொக்டரிடம் போக வேண்டும். ஆனால் பெரும்பாலும் எளிதாகத் தீர்ந்துவிடும். பெண்களுக்குச் சலம் வெளியேறும் பாதை ஏறத்தாழ நான்கு சென்ரிமீற்றர்தான். ஆண்களுக்கு அதைப்போல் ஐந்து மடங்கு. அதனால் குடலில் சாதாரணமாக வாழும் ஈ. கோலி போன்ற பக்டீரியாக்கள் நமக்குள் எளிதாக மேலேறுகின்றன. சலம் போவதுதான் அவற்றைக் கழுவி வெளியேற்றும் வழி. நாம் குடிக்காமலும் போகாமலும் இருந்து அந்த வழியை அடைத்துவிடுகிறோம். அவை குழாய் வழியே தொட்டிவரை ஏறிவிட்டால் காய்ச்சல், நடுக்கம், ஒருபக்க முதுகுவலி, வாந்தி எல்லாம் சேர்ந்து வரும். அப்போது அது சூடு அல்ல. கொத்தமல்லித் தண்ணீருக்கு எதிரி அல்ல நான், தினமும் குடிக்கிறேன். ஆனால் தொட்டியில் ஏறிய பக்டீரியாவை அது கொல்லாது. அதற்கு அன்டிபயோட்டிக் வேண்டும். டொக்டர் சொன்ன நாள்வரை, காய்ச்சல் விட்ட பிறகும், எடுத்து முடிக்க வேண்டும்.

இரண்டாவது சொல் ‘கிட்னி வருத்தம்’. இது ராத்தாவின் ஊரில் சாதாரணச் சொல் அல்ல. 1990களிலிருந்து பதவியா, மதவாச்சி முதலான பகுதிகளில் காரணம் அறியப்படாத நாட்பட்ட சிறுநீரக நோய் எத்தனையோ விவசாயக் குடும்பங்களைச் சீரழித்திருக்கிறது. அங்கே சுத்திகரித்த தண்ணீருக்குக் கேனோடு வரிசையில் நிற்பவர்களுக்கு, ‘கிட்னி’ என்றால் டயலிசிஸ், அதன்பிறகு மையித்து. அது மெதுவாக, பெரும்பாலும் அறிகுறியே காட்டாமல், வருடக்கணக்கில் இரண்டு சிறுநீரகங்களையும் தின்னும் நோய். ராத்தாவுக்கு வந்தது திடீரென்று தீப்பிடித்து, மருந்து போட்டதும் அணைந்த தொற்று. இரண்டும் ஒரே உறுப்பில் நடந்தாலும் ஒன்றல்ல. ஆனால் பக்கத்து வீட்டுக்குப் போன செய்தி “பிள்ளைக்குக் கிட்னி வருத்தமாம்” என்பதே.

அந்த நேரத்தில் ராத்தாவுக்கு ஒரு கலியாணம் பேசிக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் பண்பானவர்கள், நேராகக் கேட்டார்கள். சாச்சா ஒளிக்காமல் அட்டையைக் காட்டினார். அவர்களில் படித்த ஒருவர் அந்தச் சொல்லின் பின்பாதியை மட்டும் பிடித்துக்கொண்டார். ‘நெப்ரைட்டிஸ்’ என்று தேடினால் வருவது பெரும்பாலும் வேறு விஷயம். சிறுநீரகத்தின் வடிகட்டிகளில், பலமுறை உடலின் சொந்த எதிர்ப்புச் சக்தியாலேயே உண்டாகும் அழற்சி அது. சில வேளை நீண்டகாலம் நிலைத்துச் சிறுநீரகத்தைச் செயலிழக்கச் செய்யும். முன்னால் இருந்த ‘பைலோ’ என்ற இரண்டே எழுத்து எவ்வளவு பெரிய வித்தியாசம் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. பேச்சு நின்றுபோனது. ராத்தா, “நின்டது நல்லதுக்குத்தான்” என்கிறார். அப்படியே இருக்கட்டும். எனக்கு இன்னும் ஆறவில்லை.

நான் இந்த நோயைச் சின்னதாக்கிப் பேசுவதாக யாரும் நினைக்க வேண்டாம். கர்ப்பிணிகளுக்கும், சீனி வருத்தம் உள்ளவர்களுக்கும், கல் அடைத்துச் சலம் தேங்கியவர்களுக்கும் இது ஆபத்தாகலாம். சின்னப் பிள்ளைகளுக்குத் திரும்பத் திரும்ப வந்தால் சிறுநீரகத்தில் தழும்பு விழலாம். அவர்களை மேலும் பரிசோதிக்க வேண்டியிருக்கும். ஆரோக்கியமான ஓர் இளம்பெண்ணுக்கு ஒருமுறை வந்து, உரிய நேரத்தில் மருந்து எடுத்தால், பெரும்பாலும் முற்றாகக் குணமாகும். அந்த உண்மையைச் சொல்ல ஒரு சரியான சொல் நமக்கு வேண்டும் என்பதுதான் என் வாதம்.

ஆசிரியை ஒருவர், “கம்பஸ் போனால் எல்லாம் ஆங்கிலம்தானே, இதற்கெல்லாம் எதற்குத் தமிழ்?” என்று கேட்டார். டொக்டருக்கு ஆங்கிலச் சொல் இருக்கட்டும். அது சுருக்கமானது, உலகம் முழுவதும் ஒரே பொருள் தருவது. ஆனால் அந்த அட்டையைச் சாச்சி வாசிக்க வேண்டும், சாச்சா வாசிக்க வேண்டும், கலியாணம் பேச வருகிறவர்களும் வாசிக்கிறார்களே! இந்த நாட்டில் 1847இல் வந்திறங்கிய அமெரிக்க மிஷன் வைத்தியர் சாமுவேல் ஃபிஸ்க் கிறீன், மானிப்பாயில் தமிழ் மாணவர்களுக்குத் தமிழிலேயே மேல்நாட்டு மருத்துவம் படிப்பித்தார். உடற்கூறு, இரண வைத்தியம் முதலிய பெரிய நூல்களைத் தமிழில் கொண்டுவந்தார். 19ஆம் நூற்றாண்டில் முடிந்தது இன்று ஓர் அட்டையின் மூலையில் ஒரு வரிக்கு முடியாதா? ‘சிறுநீரகத் தொட்டியில் கிருமித் தொற்று, குணமாகிவிட்டது’ என்று எழுத எவ்வளவு மை போகும்?

மற்ற வேலை நம்முடையது. டொக்டர் கேட்டபோது ராத்தா தலையாட்டியதற்குக் காரணம் சொல்லில்லாமை மட்டுமல்ல, வெட்கம். மார்க்கத்தைக் கேட்டறிவதற்கு அன்ஸாரிப் பெண்களுக்கு வெட்கம் தடையாக இருக்கவில்லை என்று ஆயிஷா (ரழி) அவர்கள் பாராட்டியதை நாம் பாடத்தில் படித்திருக்கிறோம். ‘எனக்குச் சலம் எரிகிறது’ என்று வீட்டில் ஒருவரிடமாவது முதல் நாளே சொல்வது அதைவிடக் கடினமானதா? வாப்பாமாருக்கும் ஒன்று: டொக்டர் மகளிடம் பேசும்போது இரண்டு நிமிடம் வெளியே நில்லுங்கள். உம்மா பக்கத்தில் இருப்பார்.

சென்ற மாதம் உம்மும்மா வீட்டில் எல்லோரும் கூடியபோது, ஒரு கடதாசியில் படம் கீறி இதையெல்லாம் அவருக்கு விளங்கப்படுத்தினேன். குழாய், பை, மேலே சின்ன ஹவுள், அதற்குள் ஏறிய கிருமி. உம்மும்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கனநேரம் பார்த்தார்.

“ஹவுளுல ஊத்தத் தண்ணி பெய்த்திட்டா எறச்சிக் கழுவுற தானே,” என்றார். “அதுக்குப் போய்ப் பள்ளிய மூடுறதா?”

ராத்தா சிரித்தார். இப்போது அவர் வகுப்புக்கு ஒரு லீற்றர் போத்தலில் தண்ணீர் கொண்டு போகிறார், முடித்துக்கொண்டுதான் வருகிறார். கழிப்பறைக்குத் தோழி ஒருத்தியையும் கூட்டிப் போகிறார், வெளியே நின்று கதவைப் பிடித்துக்கொள்ள. கொண்டி இன்னும் போடவில்லையாம்.