உன் வாளுக்கு நீயே கணக்குப் போடு

டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் ஆட்டத்தில் புதிதாக வந்து அமரும் தம்பி தங்கைகளின் தாக்குதல் போனஸை மூத்தவர்கள் கணக்கிட்டுக் கொடுப்பதை நிறுத்திவிட வேண்டும் என்பது என் கருத்து. 'இதற்கெல்லாம் சங்க ஆண்டிதழில் ஒரு கட்டுரையா?' என்று சிலர் கேட்கலாம். கவியரங்கத்திற்கும் பட்டிமன்றத்திற்கும் ஒதுக்கியது போக மீதமிருக்கும் பக்கத்தில் இதையும் படித்துவிடுங்கள்.

ஆட்டத்தை அறியாதவர்களுக்குச் சில வரிகள். 1974-ஆம் ஆண்டு அமெரிக்காவில் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் என்ற இருவர் உருவாக்கிய ஆட்டம் இது. ஒருவர் கதை நடத்துநராக அமர்ந்து குகையையும் பூதத்தையும் விவரிப்பார். மற்றவர்கள் ஆளுக்கொரு பாத்திரத்தை ஏற்றுத் தாங்கள் என்ன செய்கிறோம் என்று சொல்வார்கள். சொன்னது பலித்ததா இல்லையா என்பதைப் பகடை தீர்மானிக்கும். நம் தாயக்கட்டையைப் போல் அல்ல. இந்தப் பகடைக்கு இருபது முகங்கள். வாளை வீசினால் அதை உருட்டி, விழுந்த எண்ணுடன் தாக்குதல் போனஸைக் கூட்ட வேண்டும். மொத்தம் எதிரியின் கவச எண்ணைத் தொட்டாலோ தாண்டினாலோ அடி விழும். பகடையில் 20 விழுந்தால் எப்படியும் அடி; 1 விழுந்தால் எப்படியும் குறி தவறும்.

அந்தப் போனஸ் எங்கிருந்து வருகிறது? 2014-இல் வெளிவந்த ஐந்தாம் பதிப்பின் கணக்கைச் சொல்கிறேன். 2024-இல் திருத்தி வெளியிட்ட நூலிலும் இது மாறவில்லை. உங்கள் பாத்திரத்தின் வலிமை 16 என்று வைத்துக்கொள்வோம். அதில் பத்தைக் கழித்தால் 6, பாதியாக்கினால் 3. இது உடம்பு தருவது. வலிமை 15 என்றால் இரண்டரை வரும். அரையைத் தள்ளிவிட்டு 2 என்றுதான் எழுத வேண்டும். அடுத்தது பயிற்சி. பழகிய ஆயுதமாக இருந்தால் முதல் நான்கு நிலைகளில் 2 கிடைக்கும். ஐந்தாம் நிலையில் அது 3 ஆகும். இப்படியே ஏறிப் பதினேழாம் நிலையில் 6 ஆகும். போர்வீரருக்கும் மந்திரவாதிக்கும் இதில் வேறுபாடு இல்லை. வீரர் வலிமையைக் கூட்டும் இடத்தில் மந்திரவாதி தன் மந்திரத் தாக்குதலுக்கு அறிவுத்திறனைக் கூட்டிக்கொள்வார், அவ்வளவுதான். கையிலிருப்பது +1 மந்திர வாள் என்றால் இன்னும் ஒன்று. ஆக உடம்பு 3, பயிற்சி 2, பொருள் 1, மொத்தம் 6. மூன்றாம் வகுப்புப் பிள்ளை செய்யக்கூடிய கணக்கு.

ஆனால் மேசையில் நடப்பது என்ன? முதலாண்டு மாணவி ஒருவர் வருகிறார். தமிழ் இலக்கியம் படிப்பவர். தாளைப் பார்த்ததும், "அண்ணா, எனக்குக் கணக்கு வராது" என்கிறார். பொறியியல் படிக்கும் அண்ணன் தாளை வாங்கி, இரண்டு நொடியில் +5 என்று எழுதிக் கொடுத்துவிடுகிறார். நல்ல மனத்துடன்தான் செய்கிறார். அதில் எனக்கு ஐயமில்லை. அடுத்த வாரம் அவர் பகடையை உருட்டுகிறார், அடி விழுந்ததா என்று அண்ணன் சொல்கிறார். அதற்கும் அடுத்த வாரம், எந்தப் பூதத்தை அடிக்க வேண்டும் என்பதையும் அண்ணனே சொல்கிறார். மாதம் முடியும்போது அந்தத் தங்கையின் வேலை பகடையை உருட்டுவது மட்டுமே. அவர் எழுதிய அருமையான பாத்திரக் கதை, அண்ணன் ஆடும் இரண்டாவது பாத்திரமாகிவிடுகிறது. பிறகு அவர் வருவதில்லை. 'இந்தப் பெண்பிள்ளைகளுக்கு ஆட்டத்தில் ஆர்வமே இல்லை' என்று நாம் பேசிக்கொள்கிறோம். இப்படி மூன்று பேர் வந்து போனதைப் பார்த்துவிட்டேன்.

ஒரு சின்ன எண்ணுக்கு இவ்வளவு பலமா என்றால், ஆமாம். இருபது முகப் பகடையில் ஒவ்வொரு கூடுதல் ஒன்றும் நூற்றுக்கு ஐந்து பங்கு வாய்ப்பு. போனஸ் 5, எதிரியின் கவச எண் 15 என்றால் 10 அல்லது அதற்கு மேல் விழ வேண்டும். இருபது முகங்களில் பதினொன்று உங்கள் பக்கம்; 55 விழுக்காடு. தோழர் ஒருவர் முதலில் அந்த எதிரியைக் கீழே தள்ளிவிட்டால், அருகில் நின்று வெட்டுபவர் இரண்டு முறை உருட்டிப் பெரிய எண்ணை எடுத்துக்கொள்ளலாம். வாய்ப்பு ஏறத்தாழ 80 விழுக்காட்டுக்கு உயர்ந்துவிடும். இதை அறிந்தவர், "நீங்கள் முதலில் தள்ளுங்கள், நான் காத்திருக்கிறேன்" என்று மேசையில் சொல்வார். அறியாதவர் யாராவது சொல்லும்வரை காத்திருப்பார்.

மூத்தவர்கள் இதற்குப் பழைய பதிப்புகளைக் காட்டிப் பதில் சொல்வதுண்டு. 'அந்தக் காலத்துக் கணக்கை நீ பார்த்ததில்லை. தெரிந்தவர் செய்வதே நல்லது' என்பார்கள். பார்த்திருக்கிறேன். 1989-இல் வந்த இரண்டாம் பதிப்பில் 'தாக்கோ' என்றோர் எண் இருந்தது. கவச எண் 0 உள்ள எதிரியை அடிக்கப் பகடையில் எவ்வளவு விழ வேண்டும் என்பதே அது. அங்கே கவச எண் குறையக் குறையக் கவசம் கெட்டி. ஐந்தாம் நிலைப் போர்வீரரின் தாக்கோ 16. எதிரியின் கவச எண் 3 என்றால் 16-இல் 3 போக 13 விழ வேண்டும். எதிரிக்கு -2 என்றால் கழித்தலையே கழித்து 18 என்று காண வேண்டும். நள்ளிரவில், மைலோ ஆறிப்போன நேரத்தில் இதைச் செய்ய யாருக்கும் ஆசை இருக்காதுதான்.

2000-இல் வந்த மூன்றாம் பதிப்பு தாக்கோவைத் தூக்கியெறிந்து எல்லாவற்றையும் கூட்டலாக்கியது. கூட்டல்தான், ஆனால் எத்தனை கூட்டல்! ஆறாம் நிலை வீரருக்கு அடிப்படை 6, வலிமை 18-க்கு 4, மந்திர வாளுக்கு 1, அந்த வாளில் தனிப்பயிற்சிக்கு 1; மொத்தம் 12. அதே சுற்றில் இரண்டாம் வீச்சுக்கு ஐந்து குறைத்து 7. ஓடிவந்து பாய்ந்தால் 2 கூடும். மதகுருவின் வாழ்த்துக்கு 1, பாணரின் பாட்டுக்கு 1; ஆனால் இவ்விரண்டும் மன ஊக்கம் என்ற ஒரே வகையைச் சேர்ந்தவை, ஆகவே ஒன்றைத்தான் கூட்டலாம். விதிநூலை மனப்பாடம் செய்தவரே அந்த மேசையில் வழக்கறிஞர், நீதிபதியும் அவரே.

அந்தப் பதிப்பிலேயே என் வாதத்துக்கு நல்ல சான்று இருக்கிறது. மந்திரவாதியாக ஒரு நிலை, கள்வராக ஒரு நிலை, மதகுருவாக ஒரு நிலை என மூன்று தொழில் கற்ற பாத்திரம் என்று வையுங்கள். நிலைக்கு அரை, முக்கால், முக்கால் என்பது அவற்றின் அடிப்படை வீதம். விதிப்படி ஒவ்வொரு பின்னத்தையும் தனித்தனியே தள்ளிவிட வேண்டும், கிடைப்பது சுழி. கூட்டிப் பார்த்தாலோ முழுதாக 2 வரும். 2004-இல் வந்த ஒரு துணைநூல், விரும்பும் குழுக்கள் பின்னங்களைக் கூட்டிக்கொள்ளலாம் என்று வழிவிட்டது. இந்தக் குறை யார் கண்ணில் படும்? தன் தாளைத் தானே கூட்டிப் பார்த்தவர் கண்ணில்தான் படும். எழுதிக் கொடுத்த சுழியை வாங்கிக்கொண்டவர், தன் பாத்திரம் சோப்ளாங்கி என்றே நினைத்துக்கொண்டிருப்பார்.

இப்போது கைத்தொலைபேசி வந்துவிட்டது. 2017-இல் தொடங்கிய டி அண்ட் டி பியாண்ட் போன்ற தளங்களில் பாத்திரத்தைப் பதிந்துவிட்டால் போனஸ் தானாகவே வந்து நிற்கும். அண்ணனைவிடத் தொலைபேசி மேல், அது யாருக்கும் கட்டளையிடாது. ஆனாலும் +5 என்று திரையில் நிற்பதை மட்டும் கண்டவருக்கு, வாள் பறிபோனாலோ பழகாத ஆயுதத்தை எடுக்க நேர்ந்தாலோ எது குறையும் என்று தெரியாமல் போகும். முதல் மூன்று வாரம் தாளும் பென்சிலும் போதும். பிறகு எதை வேண்டுமானாலும் தட்டிக்கொள்ளட்டும்.

'நான் கதைக்காக வந்தேன், கணக்குக்காக அல்ல' என்பவர்களை நான் மதிக்கிறேன். எண்களே இல்லாத ஆட்டங்களும் உண்டு, அவற்றை ஆடலாம். ஆனால் இந்த ஆட்டத்தில், வலிமை குறைந்த கிழட்டு வீரர் ஒருவர் பழக்கத்தாலும் பாட்டன் விட்டுச்சென்ற வாளாலும் இன்னும் தாக்குப்பிடிக்கிறார் என்ற கதையை எந்த எண்ணில் காட்டுவது? 0, 4, 1 என்று எழுதிப் பாருங்கள். நேரம் வீணாகிறது என்பவர்களுக்கு ஒன்று சொல்வேன்: வாய்விட்டுக் கூட்டுவதற்குப் பத்து நொடி ஆகிறது. பரோட்டா வாங்கப் போனவருக்காக நாம் முக்கால் மணி நேரம் காத்திருக்கிறோமே.

எங்கள் மேசையில் இப்போது இதுதான் வழக்கம்: தாக்குபவரே தன் எண்களைத் தமிழில் சொல்லிக் கூட்ட வேண்டும். எங்களுடன் ஆட வரும் முன்னாள் மாணவர் ஒருவர், தமிழ்ப்பள்ளிகளிலும் கணிதத்தை ஆங்கிலத்தில் கற்பிக்கத் தொடங்கிய 2003-இல் முதலாம் வகுப்பில் இருந்தவர். "எனக்கு எண் மட்டும் தமிழில் வராது" என்று முதலில் முரண்டு பிடித்தார். இப்போது பதினேழு, பத்தொன்பது எல்லாம் தடங்கலின்றி வருகின்றன.

சிக்கல் சொல்லில்தான். பயிற்சிக்குரிய அந்த எண்ணைத் 'தேர்ச்சி எண்' என்று எழுதி வைத்திருந்தோம். தேர்வு முடிவு வந்த வாரத்தில் அந்தச் சொல்லைக் கேட்க ஒருவருக்கும் விருப்பமில்லை. 'கைப்பழக்கம்' என்று போடலாமே என்றார் இரண்டாமாண்டுத் தம்பி ஒருவர். மந்திரவாதி கையால் என்ன செய்கிறார் என்று பொறியியல் அண்ணன் மறுத்தார். அப்படியானால் மந்திரத்திற்கு நாப்பழக்கம் என்றார் தம்பி. இப்போது தாளில் இரண்டும் இருக்கின்றன. இரண்டுக்கும் அதே 2. ஒரே எண்ணுக்கு இரண்டு பெயர் இருப்பது முறையில்லை என்று அண்ணன் இன்னும் வாதாடிக்கொண்டிருக்கிறார்.