மூடுபனியும் தலைப்பிறையும்



ஷஃபான் மாதம் 29ஆம் நாள் மாலையில் முஸ்லிம்கள் வாழும் ஊர்களிலெல்லாம் கண்கள் மேற்கு வானை நாடுகின்றன. நீலகிரி மலையில் வாழும் நம் மக்களும் அவ்வாறே நாடுகின்றனர். ஆயினும், பல ஆண்டுகளில் அவர்களுக்கு வானமே தென்படுவதில்லை. ஜூன் முதல் செப்டம்பர் வரை தென்மேற்குப் பருவமழை கூடலூர், பந்தலூர்ப் பகுதிகளை நனைக்கிறது. அது ஓய்ந்த பின் வடகிழக்குப் பருவமழை குன்னூரையும் கோத்தகிரியையும் சூழ்ந்துகொள்கிறது. மழையில்லாத நாட்களிலும் தேயிலைச் சரிவுகளின் மேல் மூடுபனி ஏறிவந்து அந்தியை விழுங்கிவிடுவதுண்டு. வானம் தெளிந்திருந்தாலும் முதல்நாள் பிறை அடிவானத்தருகே சிறிது நேரமே நின்று மறையும். பள்ளத்தாக்கில் வசிப்போருக்கு எதிரேயுள்ள மலைமுகடே திரையாகிவிடும்.

இத்தகைய இடத்தில் புனித மாதத்தின் வருகையை அறிவது எவ்வாறு? வழி முன்னரே வகுக்கப்பட்டுள்ளது. பிறை கண்டு நோன்பு நோற்கவும், பிறை கண்டே நோன்பை முடிக்கவும், மேகம் மறைத்தால் மாதத்தை முப்பதாக நிறைவு செய்யவும் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் வழிகாட்டியிருக்கின்றார்கள். இதைச் சற்றே சிந்தித்துப் பாருங்கள்! மேகத்துக்கும் அச்சட்டத்தில் இடம் உண்டு. பிறையைக் காண முடியாமற் போனது மலைவாழ் மக்களின் குறையன்று. அவர்களின் வணக்கத்துக்கு அதனால் ஊனமும் இல்லை.

இம்மாதங்களை மனிதர் தம் வசதிக்கு வளைத்த காலமும் ஒன்றிருந்தது. இஸ்லாத்துக்கு முந்திய அரபியர், போர் விலக்கப்பட்ட புனித மாதங்களைத் தம் விருப்பம்போல் முன்பின்னாகத் தள்ளிவைத்தனர். 'நஸீ' எனப்பட்ட அவ்வழக்கத்தைத் திருக்குர்ஆனின் ஒன்பதாம் அத்தியாயம் வன்மையாகக் கண்டித்தது. மாதங்கள் பன்னிரண்டே என்றும், அவற்றுள் நான்கு புனிதமானவை என்றும் உறுதி செய்தது. ஆகவேதான் நம் ஆண்டு, கூடுதல் மாதம் எதுவும் சேர்க்கப்படாமல், ஏறத்தாழ 354 நாட்களில் முடிகிறது. சூரிய ஆண்டைவிடப் பதினோரு நாட்கள் குறைந்து, சுமார் 33 ஆண்டுகளில் எல்லாப் பருவங்களையும் சுற்றி வருகிறது.

இச்சுழற்சியில் ஒரு நீதி இருக்கிறது. 2016ஆம் ஆண்டில் ரமளான், தென்மேற்குப் பருவமழை தொடங்கும் ஜூன் மாதத்தில் வந்தது. 2030ஆம் ஆண்டிலோ ஜனவரியில் ஒருமுறையும் டிசம்பர் இறுதியில் மறுமுறையுமாக இருமுறை தொடங்கவிருக்கிறது. அவை உதகையில் உறைபனி விழும் மாதங்கள். ஸஹருக்கு எழுந்து குளிர்ந்த நீரில் ஒளூச் செய்வதே அங்கு ஒரு பொறுமைதான். எனினும் அப்போது பகல், ஜூன் மாதத்தைவிட ஒரு மணி நேரத்துக்கு மேல் குறைவு. சமவெளியினருக்குக் கோடை சோதனையெனில் மலையினருக்குக் குளிர் சோதனை. எவருக்கும் நிலையான சுமையுமில்லை, நிலையான சலுகையுமில்லை!

புனித நாட்கள் வானிலை பார்த்து வருவதுமில்லை. 2019 ஆகஸ்டில், துல்ஹஜ் மாதத்தின் முதல் பத்து நாட்களுக்குள்ளேயே நீலகிரியில் பெருமழை கொட்டியது. அவலாஞ்சியில் ஒரே நாளில் 800 மில்லிமீட்டருக்கு மேல் பெய்தது. மண்சரிவுகளில் உயிர்கள் பறிபோயின, பாதைகள் அறுந்தன. அந்நிலையிலும் ஆகஸ்ட் 12ஆம் நாள் தியாகத் திருநாள் வந்தது.

மூடுபனியைவிட நம்மைக் குழப்புவது வேறொன்று. கூடலூர், பந்தலூர்ப் பகுதிகள் கேரள எல்லையை ஒட்டியவை. அங்குள்ள பல குடும்பங்களுக்குப் பிறைச் செய்தி கேரளத்து உறவினரிடமிருந்து வருகிறது. பிறருக்கோ சென்னையிலிருந்து தலைமை காஜியின் அறிவிப்பு வருகிறது. 2024இல் நோன்புப் பெருநாள் கேரளத்தில் ஏப்ரல் 10ஆம் நாளும், தமிழகத்தில் 11ஆம் நாளும் கொண்டாடப்பட்டது. ஒரே மாவட்டத்தில் ஒரு வீட்டில் பெருநாள் பிரியாணியும் மறுவீட்டில் முப்பதாம் நோன்பும் இருப்பின், அதனால் உறவு முறிய வேண்டுமா? இரு சாராரும் தத்தம் பகுதியில் ஏற்கப்பட்ட சாட்சியத்தையே பின்பற்றுகின்றனர். எனவே, கைப்பேசியில் ஓடிவரும் செய்தியை அப்படியே பரப்பாதீர்கள். உங்கள் ஜமாஅத்தின் அறிவிப்புக்குக் காத்திருங்கள்.

சாட்சியத்திலும் நம் முன்னோர் எத்துணை நுட்பம் காட்டினர் என்று பாருங்கள்! ஹனஃபி சட்டப்படி, மேகமூட்டமான நாளில் ரமளான் பிறைக்கு நம்பத்தகுந்த ஒருவரின் கூற்றே போதும். அவர் பெண்ணாயினும் ஏற்கப்படும். பெருநாள் பிறைக்கோ ஒருவர் கூற்று போதாது. வணக்கத்துக்குள் நுழைவது எளிது. அதிலிருந்து வெளியேறக் கூடுதல் உறுதி வேண்டும்.

இல்லத்தரசிகளுக்கு ஒரு வேண்டுகோள். பிறையின் முடிவு தெரிய இரவு நெடுநேரமாகலாம். அதன் பிறகு ஃபித்ராவை எடுத்துக்கொண்டு புறப்பட்டால், எஸ்டேட் லைன் வீடுகளில் வாழும் ஏழைக் குடும்பத்துக்கு அது எப்போது சென்று சேரும்? மலைப்பாதையில் கடைசிப் பேருந்தும் போய்விட்டிருக்கும். கடைவீதிக்கு இறங்கி அரிசியும் பிள்ளைகளுக்குத் துணியும் வாங்க அவர்களுக்கு நேரமிராது. ஹனஃபி, ஷாஃபி ஆகிய இரு மத்ஹபுகளிலும் ரமளானுக்குள்ளேயே ஃபித்ராவை முன்கூட்டிக் கொடுக்க அனுமதி உண்டு. ஆதலால், 29ஆம் பிறைக்கு இரண்டொரு நாள் முன்னரே அதைக் கொடுத்து முடித்துவிடுங்கள். நாளை பெருநாளா, மறுநாளா என்ற ஐயம் நமக்கு ஓரிரவுக் காத்திருப்பு மட்டுமே. அந்த ஐயத்தால் ஏழையின் அடுப்பு பெருநாள் காலையில் எரியாமற் போய்விடலாகாது!

பிறையை மூடுபனி மறைக்கட்டும். நம் கடமையை எதுவும் மறைக்காதிருக்க வல்ல அல்லாஹ் அருள்புரிவானாக! ஆமீன்.