நல்ல தமிழ் கேட்டோம். அவன் சொல்வதைக் கேட்போமா?

‘தமிழரின் கதையைப் படமாக்கினார்கள், அதிலே தமிழைக் கொன்றுவிட்டார்கள்.’ 2020 ஆம் ஆண்டின் இறுதியிலே கடல் கடந்து வாழும் தமிழரிடையே எழுந்து, நம் நாட்டிலும் எதிரொலித்த முறைப்பாடு இது. சியாம் செல்வதுரை ஆங்கிலத்தில் எழுதி 1994 இல் வெளிவந்த ‘ஃபனி போய்’ என்னும் நாவலை, தீபா மேத்தா திரைக்குக் கொண்டு வந்தார். கொழும்புத் தமிழ்க் குடும்பமொன்றின் தந்தையாக அலி காஸ்மியும், அக்குடும்பத்து ராதாவாக அகம் தர்ஷியும் நடித்தனர், இருவரும் தமிழரல்லர். அவர்தம் வாயிலே தமிழ் பட்ட பாட்டைக் கேட்டோர் கொதித்தனர். படத்தைப் புறக்கணிப்போம் என்ற குரலும் எழுந்தது.

அக்கொதிப்பு நியாயமானதே. ஆயினும் அது பாதி நியாயம். மற்றைப் பாதியைப் பற்றி நம்மவரிற் பெரும்பாலார் வாய் திறவாதிருந்தனர் என்பதனாலேயே இதனை எழுத நேர்ந்தது.

நாவலைப் படியாதார் பொருட்டுச் சில சொல்லுதல் வேண்டும். அதன் நாயகன் அர்ஜி என்னும் சிறுவன். ஞாயிற்றுக்கிழமைகளிலே பேரப்பிள்ளைகள் பாட்டன் வீட்டில் ஒன்றுகூடுவர். ஆண் பிள்ளைகள் கிரிக்கெட் ஆடப் போவர். அர்ஜியோ பெண் பிள்ளைகளோடு சேர்ந்து கல்யாண விளையாட்டு விளையாடுவான். அவ்விளையாட்டிலே மணப்பெண் அவனே. ஒருநாள் சேலையும் அலங்காரமுமாய் நின்ற அவனை, மாமி ஒருத்தி கையைப் பிடித்து இழுத்துச் சென்று, பெரியவர்கள் கூடியிருந்த கூடத்திலே நிறுத்துகிறாள். எல்லோரும் சிரிக்கிறார்கள். தந்தையின் முகம் கறுக்கிறது. அன்றிலிருந்து தாயார் சேலை உடுத்தும் அறைக்குள்ளும் அவனுக்கு இடமில்லை. ‘ஃபனி’ என்ற ஆங்கிலச் சொல்லுக்கு வேடிக்கை என்றும் பொருள். ஒருமாதிரியானவன் என்றும் பொருள். சிரிப்புக்கும் வெறுப்புக்கும் இடையிலே அச்சொல் நிற்கிறது. பிள்ளைக்கு அதன் பொருள் விளங்கவில்லை. வெட்கம் மாத்திரம் விளங்குகிறது.

வளர்ந்த பின் அவன் பள்ளித் தோழனாகிய செஹான் என்னும் சிங்கள இளைஞனிடம் காதல் கொள்கிறான். இதற்கு முன்னதாகவே நூலில் வேறொரு காதல் முறிந்துவிட்டது. அவனுடைய அத்தை ராதா சிங்களவன் ஒருவனை விரும்பினாள். யாழ்ப்பாணத்திலிருந்து அவள் திரும்பி வந்த புகைவண்டியிலே தமிழர் தாக்கப்பட்டனர். காயத்தோடு வந்தவள் அக்காதலைக் கைவிட்டு, வீட்டார் பார்த்த மாப்பிள்ளையை மணந்து கொண்டாள். இறுதியில் 1983 ஆடி வருகிறது. வீடு எரிகிறது. பாட்டனும் பாட்டியும் மோட்டார் வண்டியோடு எரிக்கப்படுகின்றனர். குடும்பம் கனடாவுக்குப் புறப்படுகிறது. செல்வதுரையும் 1983 கலவரத்தின் பின்னரே குடும்பத்தோடு கனடா சென்றவர். அவருடைய தந்தையார் தமிழர், தாயார் சிங்களவர்.

வெளிநாட்டார் இந்நூலைப் பெரிதும் வரவேற்றனர். வெளிவந்த ஆண்டிலேயே கில்லர் பரிசின் இறுதிப் பட்டியலில் இடம்பெற்றது. கனடாவில் முதல் நாவலுக்குரிய பரிசையும், அமெரிக்காவில் லாம்ப்டா பரிசையும் பெற்றது. நம்மவர் இதனைப் பெரிதும் ஆடிக் கலவரத்தின் சாட்சியாகவே போற்றினர். சாட்சி என்பது உண்மையே. ஆனால் சாட்சி சொல்லும் பிள்ளையைக் கூட்டிலே ஏற்றிவிட்டு, அவன் தன்னைப் பற்றிச் சொல்லத் தொடங்கியதும் ‘அது வேண்டாம், கலவரத்தை மாத்திரம் சொல்’ என்று வாயை அடைத்தாற் போன்றதல்லவா இது? ராதாவின் காதலை முறித்த வெறியும், அர்ஜியைக் கூடத்தில் நிறுத்திச் சிரித்த சிரிப்பும் ஒரே வீட்டுக்குள் நிகழ்பவை. அவ்விரண்டையும் அடுத்தடுத்து வைத்ததே நூலாசிரியரின் கருத்து.

படத்துக்கு வருவோம். மொழியைப் பற்றிய சினத்தை வெறும் இலக்கணக் கோபமென்று சிலர் எள்ளினர். அவர்கள் நம் வரலாற்றை அறியாதவர்கள். 1956 இலே சிங்களம் மாத்திரம் ஆட்சிமொழியாயிற்று. 1958 இலே தமிழரின் குருதி ஓடிற்று. 1983 இலே வீதியில் மறிக்கப்பட்டோரிடம், வாளியைக் குறிக்கும் சிங்களச் சொல்லைச் சொல்லச் சொன்னார்கள். நாப் பிறழ்ந்தவர் தமிழர் என்று இனங்காணப்பட்டார். உச்சரிப்பொன்றில் உயிர் தொங்கிய நாட்களைப் படம் பிடிப்பவர், அந்நாட்களில் மடிந்தவர்களின் உச்சரிப்பைப் பொருட்படுத்தாது விட்டால் அதனைச் சிறு குறையென்று யார் சொல்லுவர்? கனடா இப்படத்தைப் பிறமொழிப் படங்களுக்குரிய ஒஸ்கார் போட்டிக்குத் தன் சார்பில் அனுப்பிற்று. உரையாடலிற் பாதிக்கு மேல் ஆங்கிலமே என்று கண்டு, 2020 டிசெம்பரிலே அப்பிரிவில் ஏற்க மறுத்துவிட்டனர். நடுவர்களுக்குத் தமிழ் போதவில்லை; நமக்கோ இருந்த தமிழும் தமிழாயில்லை! 2021 இல் கனடாவின் திரை விருதுகளில் நெறியாள்கைக்கும் தழுவற் கதையமைப்புக்கும் பரிசுகள் கிடைத்தன என்பதையும் சொல்லிவிட வேண்டும். கதையமைப்பிலே செல்வதுரைக்கும் பங்குண்டு.

இவ்விடத்திலே நாவலில் உள்ள ஒரு செய்தியை நினைவூட்டுவது தகும். அர்ஜி தமிழ் மொழி மூலம் கற்ற பிள்ளையல்லன். வருங்காலம் சிங்களத்துக்கே உரியது என்று கணக்குப் போட்ட தகப்பன், பிள்ளைகளைச் சிங்கள வகுப்பிலே சேர்த்துவிட்டான். ஆகவே அவன் தமிழ் தடுமாறினால் அது கதைக்குப் பொருந்தும். 1956 இன் சட்டம் ஒரு தமிழ் வீட்டின் நாவிலே செய்த வேலை அது. ஆனால் பாட்டியின் தமிழும் ராதாவின் தமிழும் தடுமாறுவதற்கு அந்நியாயம் பொருந்தாது.

தமிழ் நடிகரைத் தேடினோம், வாய்க்கவில்லை என்று படம் எடுத்தோர் தரப்பிலே விடை வந்தது. ரொறன்ரோ நகரிலே தமிழர் பெருந்தொகையினராய் வாழ்கையில், இவ்விடையை முற்றாக ஏற்பதற்கில்லை. ஆயினும் நம்மை நாமே ஒரு கேள்வி கேட்போம். இன்னொருவர் இக்கதையை எடுக்க மட்டக்களப்புக்கு வந்து, ‘அர்ஜியாக நடிக்க நல்ல தமிழ் பேசும் பையன் ஒருவன் வேண்டும், இன்னோர் இளைஞனைக் காதலிப்பவனாக அவன் தோன்ற வேண்டும்’ என்று நம் வீட்டுப் படலையைத் தட்டினால், எத்தனை தகப்பன்மார் ‘இவனைக் கொண்டு போங்கள்’ என்பார்கள்? வைத்தியரும் ஆசிரியரும் பொறியியலாளரும் இப்பத்திரிகையைப் படிக்கிறீர்கள். வட்டையிலே வேளாண்மை செய்வோரும் படிக்கிறீர்கள். உங்கள் நெஞ்சே விடை சொல்லட்டும். அவன் நல்ல தமிழில் பேச வேண்டுமென்று கேட்ட நாம், நல்ல தமிழில் அவன் என்ன சொல்லுவான் என்பதையும் கேட்கக் கடமைப்பட்டுள்ளோம்.

‘இவையெல்லாம் நம் மண்ணுக்கு ஒவ்வாதவை’ என்பார் உளர். அவரைச் சூடடித்து முடிந்த பின் கூத்துக் களரிக்கு வரும்படி அழைக்கிறோம். வடமோடியிலும் தென்மோடியிலும் பெண் வேடத்தைக் காலங்காலமாக ஆடி வந்தவர் ஆண்களே. சேலையும் நகையும் பூட்டி, சதங்கை ஒலிக்க வரவு ஆடி வரும் இளைஞனைக் கண்டு ஊர் மகிழ்கிறது. அவனுக்குப் பெண் வேடம் பழக்கிய அண்ணாவியாரை ஊர் கைகூப்பி வணங்குகிறது. தாயும் சகோதரியும் தங்கள் நகையைக் கழற்றிக் கொடுக்கிறார்கள். அர்ச்சுனன் என்ற பெயரே அர்ஜி என்று குறுகிற்று. விராடன் நகரிலே ஓராண்டு காலம் பெண்ணுடையில் பிருகன்னளையாய் இருந்து ஆடல் பயிற்றியவன் அந்த அர்ச்சுனன் அன்றோ? பாரதக் கதையை விடிய விடிய ஆடும் ஊரிலே இருந்துகொண்டு, சேலை கட்டிய சிறுவனைக் கண்டால் உலகம் அழிந்துவிடும் என்று சொல்லுவது நமக்கு அழகன்று.

வேடம் வேறு, விருப்பம் வேறு. இதனை நாம் மறக்கவில்லை. களரியிலே திரௌபதியாய் ஆடியவன் விடிந்ததும் வயலுக்குப் போகிறான், மனைவி மக்களோடு வாழ்கிறான். அர்ஜியின் நிலை அதுவன்று. எனினும், ஆண்மை என்பது ஒரே அச்சில் வார்த்த பொருளென்று நம் முன்னோர் கருதவில்லை என்பதற்குக் களரி சான்று. அந்த அகன்ற மனத்திலே பாதியையாவது வீட்டுக்குள் கொண்டு வந்தால் என்ன?

அந்நிய நாட்டு இறக்குமதி எது என்று உண்மையாகவே தேடுவோர் தண்டனைச் சட்டக் கோவையைப் புரட்டட்டும். 365 ஆம் பிரிவும் 365-அ பிரிவும் ஆங்கில ஆட்சி 1883 இலே இங்கு இறக்கிய கோவையில் உள்ளவை. முன்னதன்படி பத்தாண்டு வரையும், பின்னதன்படி இரண்டாண்டு வரையும் சிறையிடலாம். 1995 இலே சட்டத்தைத் திருத்தியபோது, நீக்குவதற்குப் பதிலாகப் பெண்களையும் அதன் வலைக்குள் கொண்டு வந்தார்கள். இங்கிலாந்து 1967 இல் தன் சட்டத்தைத் தளர்த்திற்று. இந்திய உயர் நீதிமன்றம் 2018 செப்டெம்பர் 6 இல், வயது வந்தோர் இருவர் மனமொத்த உறவு குற்றமன்று எனத் தீர்த்தது. வெள்ளைக்காரன் கழற்றி எறிந்த சட்டையை நாம் குலதனம் என்று மார்போடு அணைத்துக்கொண்டிருக்கிறோம். தீபா மேத்தாவுக்கு இக்காற்று புதியதன்று. பெண்ணிருவர் காதலைச் சொன்ன அவருடைய ‘ஃபயர்’ 1998 இல் இந்தியாவிலே திரையிடப்பட்டபோது, பம்பாயிலும் டில்லியிலும் திரையரங்குகள் தாக்கப்பட்டன. காசியிலே எடுக்கவிடாது தடுக்கப்பட்ட ‘வோட்டர்’ படத்தை ஈற்றில் இலங்கைக்கு வந்தே எடுத்தார்.

இன்னொரு மறுப்பும் உண்டு. அதனை இலகுவாகத் தள்ள முடியாது. ‘காணாமற் போனோரைத் தேடுகிறோம், காணி போகிறது, இவ்வேளையிலே இது எதற்கு?’ என்பார்கள். 1990 செப்டெம்பர் 5 இலே, சித்தாண்டிக்கு அண்மையிலுள்ள வந்தாறுமூலை வளாகத்து அகதி முகாமிலிருந்து கொண்டு செல்லப்பட்டு மீளாதவர்களின் உறவினர் இன்னும் காத்திருக்கிறார்கள். மயிலத்தமடு, மாதவனை மேய்ச்சற்றரைக்காகப் பண்ணையாளர் 2023 செப்டெம்பரிலே சித்தாண்டியில் வீதியோரம் அமர்ந்து போராட்டம் தொடங்கினர். இவற்றைச் சிறியவை என்று யாரும் சொல்லவில்லை. ஆனால் அப்பண்ணையாளரின் வாதம் யாது? எண்ணிக்கையிற் குறைந்தவர் என்பதனால் உரிமையிற் குறைந்தவரல்லர் என்பதே. நம்முடைய எழுபதாண்டு அரசியலின் அடித்தளமும் அதுவே. அதனைக் கொழும்பிலே முழங்கிவிட்டு, நம் வீட்டுத் திண்ணையிலே ‘நீ ஒருவன்தானே, உனக்காக ஊர் மாறுமா?’ என்று சொந்தப் பிள்ளையிடம் சொன்னால், முழக்கம் யார் காதில் ஏறும்? நம் பெரும்பான்மை, அவன் சிறுபான்மை, கணக்கு அவ்வளவே.

ஆகவே இப்பகுதி வாசகருக்கு ஒரு வேலை உண்டு. 365 ஆம் பிரிவைத் திருத்தும் தனிநபர் மசோதாவொன்றைப் பாராளுமன்ற உறுப்பினர் பிரேம்நாத் தொலவத்த 2022 இலே கொண்டு வந்தார். அது அரசியலமைப்புக்கு முரணன்று என்று 2023 மே மாதத்தில் உயர் நீதிமன்றம் தீர்மானித்தது. 2024 செப்டெம்பரிலே பாராளுமன்றம் கலைக்கப்பட்டபோது மசோதா நிறைவேறாமலே போயிற்று. அதைப் பற்றி நம் தமிழ் உறுப்பினர் என்ன நினைக்கிறார்கள் என்பதைத் தேர்தல் மேடைகளில் நாம் கேட்டதில்லை, அவர்களும் சொன்னதில்லை. அடுத்த முறை வாக்குக் கேட்டுச் சித்தாண்டிக்கு வரும்போது, மேய்ச்சற்றரையைப் பற்றிக் கேட்ட அதே மூச்சிலே இதையும் கேட்போம்: அம்மசோதா மீண்டும் வந்தால் ஆதரித்து வாக்களிப்பீரா, எதிர்த்து வாக்களிப்பீரா? சுற்றிவளையாத விடையை எழுத்திலே தருவாரானால் இப்பத்திரிகை அதனை வெளியிடும் என நம்புகிறோம்.