வாசலோடு திரும்பலாமா?

பழைய தலைநகர் ஒன்றை ஒரே நாளில், வழிகாட்டி ஒருவரின் பின்னால் நடந்து பார்த்துவிட்டு வருவதைப் பற்றி நம்மவரிடையே இரண்டு விதமான பேச்சு உண்டு. "அதெல்லாம் ஒரு பார்வையா? மாதக் கணக்கில் தங்கினால்தான் ஊர் விளங்கும்" என்பது ஒன்று. "போனோம், பார்த்தோம், படமெடுத்தோம், போதும்" என்பது மற்றையது. இரண்டுமே எனக்கு ஏற்புடையனவல்ல. மாதக் கணக்கில் தங்குவதற்கு நம்மில் எத்தனை பேருக்கு வசதி இருக்கிறது? ஒரு நாள்தான் வாய்க்குமென்றால் அந்த ஒரு நாளும் ஓர் அமானிதம். அந்த நாளின் மணித்தியாலங்களைப் பங்கிட்டுக் கொடுப்பவர் யார்? எதற்காக அப்படிப் பங்கிடுகிறார்? இதுவே என் கேள்வி.

மொரோக்கோவின் காசாபிளாங்கா நகரில் தொழில் புரியும் என் நானாவிடம் குடும்பமாகச் சென்றிருந்தபோது, பெஸ் நகருக்கு அப்படியொரு ஒரு நாள் பயணம் கிடைத்தது. ஏறத்தாழ 300 கிலோமீற்றர் தூரம். சுபஹுத் தொழுகையோடு புறப்பட்டு இரவில் திரும்பினோம். நான் எழுத முனைவது பயணக் கதையல்ல. அப்பயணத்தால் என்னுள் உறுதிப்பட்ட ஓர் அபிப்பிராயத்தையே இங்கு முன்வைக்கிறேன்.

மொரோக்கோவில் அரச தலைநகரங்கள் என்று நான்கினைக் குறிப்பிடுவர்: பெஸ், மராகேஷ், மெக்னெஸ், ரபாத். நான்கிலும் மூத்தது பெஸ். 8ஆம் நூற்றாண்டின் இறுதியில் முதலாம் இத்ரீஸ் ஆற்றின் ஒரு கரையில் தொடக்கி வைத்தார். அவருடைய மகன் இரண்டாம் இத்ரீஸ் மறுகரையில் நகர் அமைத்தார். ஸ்பெயினின் குர்துபாவிலிருந்து வந்த அகதிகள் ஒரு கரையிலும், தூனிசியாவின் கைரவானிலிருந்து வந்தவர்கள் மறுகரையிலும் குடியேறினர். பின்னர் மரீனிய ஸுல்தான்கள் அதனை மத்ரஸாக்களால் நிரப்பினர். 1912இல் பிரான்ஸின் பாதுகாப்பாட்சிக்கு வழிவிட்ட ஒப்பந்தம் இங்குதான் கைச்சாத்தானது. அதன் பின் தலைநகர் ரபாத்துக்கு மாறியது. 1981இல் பழைய நகர் உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்க்கப்பட்டது. இன்றும் அதன் சந்துகளுக்குள் வாகனம் நுழைவதில்லை. பொதி சுமந்த கழுதைகளும் கோவேறு கழுதைகளும் வரும்போது "பலாக்! பலாக்!" என்று வழிவிடச் சொல்லும் குரலே அங்குள்ள ஹோர்ன்.

இத்தனை கனமான நகருக்கு எங்களுக்குக் கிடைத்தது ஆறு மணித்தியாலம். நான் கைக்கடிகாரத்தைப் பார்த்துக் குறித்து வைத்தேன். தோல் பொருட் கடை, கம்பளக் கடை, வாசனைத் திரவியக் கடை ஆகிய மூன்றிலும் சேர்த்து ஏறக்குறைய இரண்டு மணித்தியாலம். பகலுணவுக்கு ஒரு மணித்தியாலம். அரண்மனை வாயிலில் படம் பிடிக்க இருபது நிமிடம். கரவிய்யீன் பள்ளிவாசலின் வாசலில் ஐந்து நிமிடம்!

இந்தக் கணக்கைச் சொல்லி வழிகாட்டியைக் குறை கூறுவது இலகு. நான் அதைச் செய்ய மாட்டேன். எங்கள் வழிகாட்டி வயதில் மூத்தவர், நிதானமானவர். அவர் இல்லையென்றால் அந்தச் சந்துகளில் அரை மணி நேரத்துக்குள் நாங்கள் வழி தவறியிருப்போம். ஆனால் மலிவான கட்டணத்துக்குப் பயணம் விற்கப்படும்போது, குறைந்துபோன கூலியைக் கடைக்காரரின் தரகுப் பணம்தான் ஈடு செய்கிறது. உலகில் எங்கும் சுற்றுலாத் தொழிலில் நடப்பது இதுதான். "மலிவு" என்று நாம் மகிழும் தொகையின் மிச்சத்தை நம் நேரத்தால் கட்டுகிறோம். ஆகவே வழிகாட்டிக்கு உரிய கூலியை முழுமையாகக் கொடுத்து, "கடைகள் வேண்டாம், ஊரைக் காட்டுங்கள்" என்று கேட்பதே நேர்மையான வழி.

அடுத்தது, எதனைப் பழையது என்று நமக்குக் காட்டுகிறார்கள் என்பது. பெஸ் நகரைப் பற்றிய படங்களில் முதலில் வருவது நீல ஓடு பதித்த பாப் பூ ஜலூத் வாயில். அதன் முன்னால் நின்று படமெடுக்காத பயணியைக் காண்பதரிது. அது 1913இல், பிரெஞ்சு ஆட்சி தொடங்கிய பின் கட்டப்பட்டது. அரண்மனையின் பளபளக்கும் பித்தளைக் கதவுகளும் கடந்த நூற்றாண்டின் பிற்பாதியைச் சேர்ந்தவை. அவற்றைச் செதுக்கிய கைவினைஞரின் திறமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் வாயிலின் வயதைச் சொல்லாமல் விடுவதால், நாம் ஆயிரம் வருடத்தைப் பார்த்துவிட்டோம் என்ற திருப்தியோடு உண்மையில் ஆயிரம் வருடம் நிற்கும் இடத்தை ஐந்து நிமிடத்தில் கடந்து போகிறோம்.

அந்த ஐந்து நிமிட இடத்துக்கு வருகிறேன். "உலகின் மிகப் பழைய பல்கலைக்கழகம். 859இல் பாத்திமா அல் பிஹ்ரி என்ற பெண் கட்டியது. அடுத்து தோல் பதனிடும் இடத்துக்குப் போவோம்." கரவிய்யீனைப் பற்றி வாசலில் சொல்லப்பட்டது இவ்வளவே. இதைக் கேட்டபோது எனக்கு நம் ஊர் மேடைகள் நினைவுக்கு வந்தன. மீலாத் விழாவானாலும் பேச்சுப் போட்டியானாலும், "பல்கலைக்கழகத்தை உலகுக்குத் தந்தவள் ஒரு முஸ்லிம் பெண்" என்ற அந்த ஒரு வசனத்தோடுதான் நாமும் நிறுத்திக்கொள்கிறோம். அங்கே வழிகாட்டி வாசலோடு திரும்புகிறார். இங்கே நாம் வசனத்தோடு திரும்புகிறோம்.

உள்ளே போனால் இன்னும் சுவையான, இன்னும் சிக்கலான வரலாறு இருக்கிறது. பாத்திமாவின் கதையை நமக்குத் தருபவர் 14ஆம் நூற்றாண்டில் எழுதிய இப்னு அபீ ஸர்உ. கைரவானிலிருந்து வந்த வணிகரின் மகள், தனக்குக் கிடைத்த வாரிசுச் சொத்தைக் கொண்டு பள்ளிவாசல் கட்டினார், கட்டி முடியும்வரை நோன்பு நோற்றார், சகோதரி மர்யம் மறுகரையில் அந்தலுஸிய்யீன் பள்ளிவாசலைக் கட்டினார் என்பது அவர் தரும் செய்தி. ஆனால் கட்டடத்தில் பிற்காலத்தில் கண்டெடுக்கப்பட்ட மரப்பலகை எழுத்தொன்று தாவூத் இப்னு இத்ரீஸ் என்ற இத்ரீஸிய இளவரசரின் பெயரைக் குறிப்பிடுகிறது. ஆகவே ஆய்வாளர் சிலர் பாத்திமாவின் கதையை ஐயத்தோடு நோக்குகின்றனர். பிற்காலத்தவரான ஆசிரியர் ஒருவர் வாய்வழி மரபைப் பாதுகாத்துத் தந்திருக்கலாம் என்று கருதுவோரும் உண்டு. சாதாரண பள்ளிவாசலாகத் தொடங்கியது எந்தக் கட்டத்தில் உயர்கல்வி நிலையமாயிற்று என்பதும் தனியான கேள்வியே.

இதனைச் சொன்னால் நம் பெருமை குறைந்துவிடும் என்று அஞ்சுவோர் இருக்கலாம். நான் அவ்வாறு நினைக்கவில்லை. ஹதீஸ் ஒன்றின் அறிவிப்பாளர் வரிசையை ஒவ்வொருவராகச் சோதித்துப் பார்த்த பாரம்பரியம் நம்முடையது. கேள்வி கேட்பது நமக்குப் புதியதல்ல. பாத்திமாவைச் சுவரொட்டியில் ஒட்டி வைப்பதைவிட, அவரைப் பற்றி ஆராய்ந்து எழுத ஒரு மாணவியை ஆயத்தப்படுத்துவது அவருக்குச் செய்யும் பெரிய மரியாதை. மேடையில் பாத்திமா அல் பிஹ்ரியைப் புகழ்ந்துவிட்டு, வீட்டுக்கு வந்து சாதாரண தரத்தோடு மகளின் புத்தகத்தை மூடி வைக்கும் வாப்பாமாரும் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களுக்கு அந்தப் பெயர் ஓர் அலங்காரம் மட்டுமே. வாரிசுச் சொத்து பெண்ணின் கைக்கு வந்து சேர்ந்ததும், அதை எதற்குச் செலவழிப்பது என்று அவளே தீர்மானித்ததும் அக்கதையின் உயிர் நாடிகள். அவை இரண்டும் நம் வீடுகளில் இன்று எந்த நிலையில் இருக்கின்றன என்று கேட்டுப் பார்க்கலாம்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். மொரோக்கோவின் பெரும்பாலான பள்ளிவாசல்களுக்குள் முஸ்லிமல்லாத பயணிகள் அனுமதிக்கப்படுவதில்லை. எனவே பயண நிரல் அவர்களுக்கேற்ப, வாசலோடு முடியும்படி எழுதப்பட்டிருக்கிறது. லுஹருடைய நேரம் ஆகியிருந்தது. உம்மா வழிகாட்டியிடம், "நாங்கள் உள்ளே போய்த் தொழுதுவிட்டு வரலாமா?" என்று கேட்டார். அவர் முகம் மலர்ந்தது. "தாராளமாக. கேட்பவர்கள் குறைவு" என்றார். பெண்களுக்கான பகுதியில் பாயின் மேல் நின்றபோது, நூற்றாண்டுகளாகத் தேய்ந்த அந்தத் தூண்களின் வரிசையை நான் பார்த்தேன். எந்த விளக்கவுரையும் இல்லாத அந்தக் கால் மணித்தியாலமே எங்கள் நாளின் நிறைவான பகுதி. நிரலில் இல்லாததை நாம் கேட்டால்தான் கிடைக்கும்.

கேட்பதற்கு நம்மிடம் கேள்வி இருக்க வேண்டும். அதற்கு வாசித்துவிட்டுப் போக வேண்டும். தஞ்சியரில் பிறந்த இப்னு பதூதா 1344இல் நம் தீவுக்கு வந்தார். அவர் பத்தாலா என்று குறிப்பிடும் துறை புத்தளம் என்பர். ஆரியச் சக்கரவர்த்தியைச் சந்தித்தார். பாவா ஆதம் மலையில் ஏறினார். அந்த அனுபவங்களையெல்லாம் அவர் சொல்லச் சொல்ல இப்னு ஜுஸய் எழுதி முடித்தது 1355இல், பெஸ் நகரின் ஸுல்தான் அபூ இனானுடைய ஆணைப்படி. அதே ஸுல்தான் கட்டிய பூ இனானிய்யா மத்ரஸாவில் நாங்கள் நின்றுகொண்டிருந்தபோது இதை நான் சொன்னேன். வழிகாட்டி வியப்போடு நின்று கேட்டார். பிறகு மரீனியர் காலத்துக் கல்வியைப் பற்றி, வழக்கமான விளக்கவுரையில் இல்லாத பலவற்றைச் சொன்னார். அவருக்குத் தெரியாமல் இருந்ததில்லை. கேட்பார் இல்லாமல் இருந்தது.

தொப்பியின் கதையும் அப்படியே. நாம் துருக்கித் தொப்பி என்பதை ஆங்கிலத்தில் இந்நகரின் பெயரால்தான் அழைக்கிறார்கள். 1905இல் அதனை அணிந்து உயர் நீதிமன்றத்தில் வழக்காட அட்வகேட் எம்.ஸீ. அப்துல் காதருக்கு அனுமதி மறுக்கப்பட்டதும், மருதானைப் பள்ளிவாசலில் முஸ்லிம்கள் திரண்டு குரல் எழுப்பியதும் நம் வரலாறு. அத்தொப்பி பெஸ் நகரின் கடையொன்றில் ஞாபகார்த்தப் பொருளாகத் தொங்குகிறது. கதை தெரியாதவருக்கு அது சிவப்புத் துணி மட்டுமே.

கடைசியாக, ஷுவாரா என்னும் தோல் பதனிடும் இடம். பயணிகள் அதை மேலே, தோல் கடைகளின் மொட்டை மாடியிலிருந்து பார்க்கிறார்கள். நாற்றத்தை மறைக்கக் கையில் புதினா இலை தருகிறார்கள். கீழே சுண்ணாம்பும் புறா எச்சமும் கலந்த தொட்டிகளில் முழங்கால் வரை இறங்கி நின்று மனிதர்கள் வேலை செய்கிறார்கள். நூற்றாண்டுகள் பழைமையான அரிய தொழில் அது, மறுக்கவில்லை. ஆனால் நாங்கள் புதினாவை முகர்ந்துகொண்டு வண்ணத் தொட்டிகளைப் படமெடுத்தபோது, அந்த மனிதர்களின் கூலி என்ன, காலில் புண் வந்தால் யார் பார்ப்பார் என்று ஒருவரும் கேட்கவில்லை. நான் கேட்டேன். வழிகாட்டி சற்று மௌனமாக இருந்துவிட்டு, "கடினமான தொழில், மகளே" என்றார். உழைப்பவனைக் காட்சிப் பொருளாக்கும் பயணத்தில் நாம் கண்ணோடு மட்டும் போய் வந்ததாகவே ஆகும்.

ஆகவே என் யோசனைகள் இவை. புறப்படும் முன் அந்த ஊரைப் பற்றி ஒரு நூலாவது வாசிக்க வேண்டும். பயண நிரலை முன்கூட்டியே கேட்டு வாங்கி, ஒவ்வோர் இடத்துக்கும் எவ்வளவு நேரம் என்று பார்க்க வேண்டும். பத்து இடத்தை ஐந்தாகக் குறைக்கத் தயங்கக் கூடாது. தொழுகைக்கும், சும்மா உட்கார்ந்திருக்கவும் நேரம் ஒதுக்க வேண்டும். பொருள் வாங்குவதானால் அதைச் செய்பவரின் பட்டறையிலேயே வாங்கலாம். ஒவ்வொருவரும் விடை தெரியாத ஒரு கேள்வியையாவது கொண்டு போக வேண்டும். நம் கல்லூரிச் சுற்றுலாக்களுக்கும் இது பொருந்தும் என்றே நினைக்கிறேன்.

கரவிய்யீனின் நூலகத்தில் ஆயிரக்கணக்கான கையெழுத்துப் பிரதிகள் உள்ளன. இப்னு கல்தூன் அன்பளிப்பாகக் கொடுத்த 'கிதாபுல் இபர்' பிரதியும் அவற்றில் அடக்கம். ஈரம் கசிந்து பாழாகிக்கொண்டிருந்த அந்த நூலகத்தை அண்மைக் காலத்தில் புனரமைத்துக் கொடுத்தவர் அஸீஸா ஷௌனி. பெஸ் நகரில் பிறந்த பெண் கட்டடக் கலைஞர் அவர். பாத்திமாவின் பெயரைச் சொல்லிப் பெருமைப்பட்டதோடு அவர் நின்றிருந்தால் அந்தச் சுவர்களில் ஈரம் இன்றும் கசிந்துகொண்டுதான் இருக்கும். குடிசார் பொறியியலும் கட்டடக் கலையும் படித்துக்கொண்டு அவர் உள்ளே போனார். நம் தங்கைமாரில் எவரும் நாளை எந்த நகருக்குப் போனாலும் அப்படிப் போக வேண்டும் என்பதே என் விருப்பம்.