இனிஷியலின் விலை 432 டாலர்

அமெரிக்கா வந்து இத்தனை வருஷம் ஆகியும் என் பேரை எழுதவே எனக்குத் தெரியலைங்கற உண்மை 2025 டிசம்பர்லதான் உறைச்சுது.

மொழிபெயர்ப்பு வேலை ஒண்ணுக்கு 1800 டாலர் வரணும். வந்தது 1368. 24 சதவீதம் காலி! கம்பெனிக்குப் போன் போட்டுக் கத்தினேன். அந்தம்மா அமைதியா, "அக்டோபர்லயே லெட்டர் அனுப்பினோமே" ன்னாங்க. அனுப்பித்தான் இருக்காங்க. கிரெடிட் கார்டு விளம்பரம்னு நெனச்சு குப்பையில போட்ட புண்ணியவான் நானேதான். சொந்த செலவில் சூனியம்.

நண்பர்கள்கிட்ட புலம்பினா ஆளுக்கொரு தீர்ப்பு. "பகல் கொள்ளை" ன்னார் ஒருத்தர். "டபிள்யூ-9 எல்லாம் சும்மா ஃபார்மாலிட்டி, எதையாவது எழுதிக் குடுக்க வேண்டியதுதானே" ன்னார் இன்னொருத்தர். மூணாமவர் பெரிய மேதை: "நம்பரையே குடுக்காதீங்க, குடுத்தாத்தானே கணக்கு வரும்?"

அய்யா சாமிகளா, மூணுமே தப்பு.

மொதல்ல கொள்ளை. சம்பளக்காரருக்கு கம்பெனியே வரியைப் பிடிச்சுடும். காண்ட்ராக்டருக்கு முழுப்பணமும் கைக்கு வரும், நாமளாப் பார்த்துக் கட்டணும். அதுக்குப் பதிலா ஐஆர்எஸ் கேக்கறது சரியான பேரும் நம்பரும். அது பொருந்தலைன்னு நோட்டீஸ் வந்து, நாம திருத்தியும் குடுக்கலைன்னா, பணம் குடுக்கறவர் 24 சதவீதத்தைப் பிடிச்சே ஆகணும். இதுதான் பேக்கப் வித்ஹோல்டிங். 2017 வரைக்கும் இது 28 சதவீதம். பிடிச்ச காசு எங்கயும் போகலை. 1099-என்ஈசி படிவத்துல நாலாவது கட்டத்துல வரும், ரிட்டர்ன்ல கழிச்சுக்கலாம். ஆனா அதுவரைக்கும் வாடகைக்கு என்ன பண்றதுங்கறது வேற கதை.

அடுத்தது அந்த ஃபார்மாலிட்டி. நான் மாட்டினது இங்கதான். சுப்பிரமணியம் மகன் முருகன்னு ஒருத்தர் இருக்கார்னு வச்சுக்குங்க. பாஸ்போர்ட்ல அப்பா பேர் குடும்பப் பேர் ஆயிடுச்சு, சோஷியல் செக்யூரிட்டி கார்டுலயும் அதேதான். ஆனா படிவத்தைப் பார்த்ததும் ஊர்ப் பழக்கத்துல "எஸ். முருகன்" னு எழுதிடுவார். ஐஆர்எஸ் கம்ப்யூட்டர் பார்க்கறது நம்பரையும் குடும்பப் பேரோட முதல் நாலு இங்கிலீஷ் எழுத்தையும். அதுக்கிட்ட இருக்கறது "சுப்பிரமணியம்", நம்ம ஆள் குடுத்தது "முருகன்". நம்பர் சரியா இருந்தும் ஆள் வேற! நான் பண்ணினதும் அச்சு அசல் இதேதான். பள்ளிக்கூடத்துலேர்ந்து இனிஷியல் போட்டே வளர்ந்தவங்க நாம. கார்டுல எப்படி இருக்கோ அப்படியே எழுதுங்கப்பா. அந்தக் கையெழுத்து, பொய்னா தண்டனைன்னு ஒத்துக்கிட்டுப் போடற கையெழுத்து.

மூணாவது மேதைக்கு: நம்பர் குடுக்கலைன்னா நோட்டீஸ் கூட வேண்டாம், நேரா 24 சதவீதம்தான். நம்பர் குடுக்காததுக்கு 50 டாலர் அபராதம், பிடித்தத்துலேர்ந்து தப்பிக்கப் பொய் எழுதினா 500. 2026லேர்ந்து 1099 வரம்பு 600லேர்ந்து 2000 டாலர் ஆயிடுச்சுன்னு ஒரு கோஷ்டி குஷியா கெளம்பியிருக்கு. 1099 வரலைன்னாலும் வருமானம் வருமானம்தாங்க. சுயதொழில்ல நிகரமா 400 டாலர் வந்தாலே ரிட்டர்ன் போடணும்.

இதெல்லாம் சொல்றதால கம்பெனியை சும்மா விடப்போறேன்னு நெனக்காதீங்க. பேரும் நம்பரும் பொருந்துதான்னு முன்கூட்டியே பார்த்துக்க, பணம் குடுக்கறவங்களுக்கு ஐஆர்எஸ் இலவசமாவே ஒரு வசதி வச்சிருக்கு. மொத நாளே பார்த்திருந்தா ரெண்டு நிமிஷ வேலை. பார்க்க மாட்டாங்க. ஏன்னா பிடிபடறது அவங்க காசு இல்லையே! வேலையை வாங்கிட்டு, பில் அனுப்பினப்புறம் "ஃபார்ம் குடு" ன்னு மெயில் போடற ஆளுங்களும் இருக்காங்க. சோஷியல் செக்யூரிட்டி நம்பரைச் சாதா மெயில்ல அனுப்பணுமாம். பாதுகாப்பா அனுப்ப வழி கேளுங்க, வேலை ஆரம்பிக்கறதுக்கு முன்னாடியே கேளுங்க.

நமக்கென்னன்னு சிரிக்கற ஊர்க்காரங்களுக்கும் ஒரு வார்த்தை. 2021லேர்ந்து யூட்யூப்ல காசு பார்க்கறவங்க எந்த நாட்டுல இருந்தாலும் கூகிளுக்கு வரிப் படிவம் குடுக்கணும். குடுக்கலைன்னா உலகம் பூரா வந்த வருமானத்துல 24 சதவீதம் வரைக்கும் போகலாம். இந்தியாவுல இருக்கறவர் டபிள்யூ-8பென் ஒழுங்கா நிரப்பினா, அமெரிக்கப் பார்வையாளர்கள் மூலமா வந்த பங்குல மட்டும் 15 சதவீதம். ஒரு படிவம், எவ்வளவு வித்தியாசம் பாருங்க.

போன வாரம் புது டபிள்யூ-9 எழுதினேன், கார்டைப் பக்கத்துல வச்சுக்கிட்டு, எழுத்து எழுத்தாப் பார்த்து. மூணு வருஷத்துக்குள்ள இதே தப்புக்கு ரெண்டாவது நோட்டீஸ் வந்தா டபிள்யூ-9 செல்லாது, கார்டு நகலையே காட்டணும். அப்பா பேரைக் கடைசியில முழுசா எழுதினப்போ, 432 டாலருக்கு அவர் என்ன திட்டு திட்டியிருப்பார்னு நெனச்சு சிரிப்பு வந்துச்சு :-)

டிஸ்கி: நான் ஆடிட்டர் இல்லை. ஆணி புடுங்கற சாதாரண ஆள். பெரிய தொகைன்னா விவரம் தெரிஞ்சவரைப் பாருங்க.