பேச்சு ஏன் ஒரே பக்கம் மாறுகிறது?

(மூன்றாமாண்டு மெக்கானிக்கல் மாணவன்)



ருமேனியாவில் க்ளூஜ் என்று ஓர் ஊர். அங்கே வாழும் ஹங்கேரியர்கள் அதையே கொலோஜ்வார் என்பார்கள். 1920-ல் ட்ரியானான் ஒப்பந்தத்தில் ஹங்கேரி தன் நிலத்தில் மூன்றில் இரண்டு பங்கை இழந்தது. பெரும்பாலான ஜனங்கள் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். எல்லைக்கோடுதான் நகர்ந்து போச்சு. இன்றைக்கும் ருமேனியாவில் சுமார் 10 லட்சம், ஸ்லோவாக்கியாவில் 4 லட்சத்துக்கு மேல் ஹங்கேரியர்கள் இருக்கிறார்கள்.

க்ளூஜில் 1992 முதல் 2004 வரை கியோர்கே ஃபுனார் மேயர். ஊர் ருமேனியர்களுடையது என்று காட்ட, பெஞ்சு, குப்பைத்தொட்டிக்கெல்லாம் நீலம், மஞ்சள், சிவப்பு என்று கொடி நிறத்தில் பெயின்ட் அடித்தார். (குப்பைத்தொட்டிக்குக் கொடி நிறம் மரியாதையா? நீங்களே சொல்லுங்க!) 1990 மார்ச்சில்தான் பக்கத்து டிர்கு முரேஷில் கலவரம் வந்து உயிர்கள் போயிருந்தன. ஆனால் க்ளூஜில் இரண்டு தரப்பும் அந்தப் பெஞ்சிலேயே உட்கார்ந்தார்கள். ரோஜர்ஸ் ப்ரூபேக்கர் என்ற அமெரிக்க ஆய்வாளர் தன் குழுவோடு அங்கே களஆய்வு செய்து 2006-ல் புத்தகமே போட்டார். மேயர் கத்தின அளவுக்கு ஜனங்கள் அதைக் காதில் போட்டுக்கலை, பிழைப்புதான் அவங்க கவலை என்பது அதன் சாரம்.

நல்ல விஷயம்தான். ஆனா எனக்கு ஓர் உறுத்தல். நாலு ஹங்கேரியர் பேசிக்கிட்டிருக்கும்போது ஒரு ருமேனியர் வந்தால் பேச்சு ருமேனிய மொழிக்கு மாறிடும். மறுபக்கம் மாறுவது அபூர்வம். ஹங்கேரியப் பிள்ளை ருமேனிய மொழியைப் படித்தே ஆகணும். ருமேனியப் பிள்ளைக்கு ஹங்கேரியம் கட்டாயமில்லை. சண்டையில்லாத வாழ்க்கைக்கு ஒரு தரப்பு மட்டும் தினமும் வட்டி கட்டுது.

அந்த வட்டி எனக்குக் கொஞ்சம் தெரியும். எங்க வீட்டில் முதன்முதலா காலேஜ் படி ஏறினவன் நான். தமிழ் மீடியத்திலிருந்து வந்தவன். பஸ்ட் இயரில் சந்தேகத்தை மனசுக்குள் இங்கிலீஷாக்கி முடிப்பதற்குள் சார் அடுத்த பக்கம் போயிடுவார். அதனால்தான் அந்த ஊரின் பாபேஷ்-போயாய் பல்கலைக்கழகம் எனக்குப் பெரிசாத் தெரியுது. ருமேனியம், ஹங்கேரியம், ஜெர்மன் மூன்றிலும் பாடம் நடக்குது. பேரிலேயே ஒரு ருமேனியரும் ஒரு ஹங்கேரியரும் இருக்காங்க. 1959-ல் இரண்டு பல்கலைக்கழகங்களை இணைத்து உருவானது அது. தனிப் பல்கலைக்கழகம் போச்சே என்ற குறை ஹங்கேரியர்களுக்கு உண்டு, அதுவும் நியாயமே.

அதே ஊரில் ஒரு ருமேனிய மாணவன் பக்கத்து வீட்டுப் பெரியவரிடம் காலையில் "யோ நபோட்" என்று ஹங்கேரிய மொழியில் வணக்கம் சொல்லக் கற்றுக்கொள்ள எத்தனை நாள் ஆகும்? எனக்கு ரெண்டு நிமிஷம்தான் ஆச்சு.