1888: சாம்பியன் யாருமில்லை!



வெளியூர் மேட்ச்சுக்குப் போக பஸ் காசு யார் தர்றதுங்கிற சண்டையில உங்க காலேஜ் டீம் பாதியா உடைஞ்சிருக்கா? கவலையை விடுங்க. ஒரு நாட்டோட முதல் தேசிய சாம்பியன்ஷிப் ஃபைனலுக்கே அந்தக் கதிதான்!

நாடு, அயர்லாந்து. விளையாட்டு, ஹர்லிங். ஹாக்கிக்குப் பெரியப்பா மாதிரி ஒரு ஆட்டம். கையில மட்டை. பந்தைத் தரையிலயும் அடிக்கலாம், தலைக்கு மேல பறக்கும்போதும் விளாசலாம். செம ஸ்பீடு!

அப்போ அயர்லாந்து பிரிட்டிஷ் ஆட்சியில இருந்தது. 1840-களின் பஞ்சத்தில் சுமார் பத்து லட்சம் பேர் செத்தாங்க. அதைவிட அதிகமானவங்க கப்பல் ஏறிட்டாங்க. ஊர் காலியானா விளையாட்டு எங்கே இருக்கும்? அழியப் போன ஹர்லிங்கைக் காப்பாற்ற, மைக்கேல் கூசாக் என்ற வாத்தியாரும் சில நண்பர்களும் 1884 நவம்பர் 1-ம் தேதி தர்லஸ் என்ற ஊரில் ஒரு ஹோட்டலில் கூடி, கேலிக் விளையாட்டுச் சங்கத்தை ஆரம்பிச்சாங்க.

1887-க்கான முதல் சாம்பியன்ஷிப்பின் ஃபைனல் நடந்ததே 1888 ஏப்ரல் 1-ல்தான். இடம், பர். டிப்பெரரிக்கும் கால்வேக்கும் மோதல். டீமுக்கு 21 பேர். பயணச் செலவு தகராறில் டிப்பெரரி கேப்டனும் சில வீரர்களும் வரவே இல்லை! வந்தவங்களை வெச்சு ஆடியே டிப்பெரரி ஜெயிச்சது. ஒரு கோல், ஒரு பாயின்ட். கால்வேக்கு முட்டை.

இனிமேதான் மேட்டரே இருக்கு. காசில்லாத சங்கம், பழங்கால டெய்ல்டீன் போட்டிகளை மறுபடி நடத்த ஆசைப்பட்டது. நிதி திரட்ட, 1888 செப்டம்பரில் சுமார் 50 வீரர்களை அமெரிக்காவுக்கு அனுப்பினாங்க. அங்கே கூட்டம் சேரலை. வசூல் படுத்துடுச்சு. போனவங்களில் கணிசமான பேர் திரும்பவே இல்லை. அங்கேயே வேலை தேடிக்கிட்டாங்க.

இந்த டூரால் ஊரில் அந்த வருஷ சாம்பியன்ஷிப் பாதியிலேயே நின்னுபோச்சு. இன்னிக்கும் சாம்பியன்கள் பட்டியலில் 1888-க்கு நேரே பெயர் கிடையாது.

திரும்பாதவங்களைத் துரோகின்னு சொல்லலாமா? எனக்கு மனசு வரலை பாஸ். பஞ்சம் பார்த்த மண்ணில் பிறந்தவன், சோறு கிடைக்கிற இடத்தில் தங்கினது தப்பா? ஆனா, அந்தக் காலி இடத்துக்கு ஒரு வலி இருக்கு. திறமைசாலிகள் மொத்தமா கிளம்பிட்டா, ஊரில் மேட்ச் நின்னுபோகும்!

நல்லவேளை, மிச்சம் இருந்தவங்க கடையை மூடலை. 1889-ல் மறுபடி மட்டையைத் தூக்கினாங்க. டப்ளின் ஜெயிச்சது. டெய்ல்டீன் கனவும் 1924-ல் நனவாச்சு. இன்னிக்கு ஃபைனலுக்கு 80 ஆயிரம் பேருக்கு மேல கூடுறாங்க. ஆனா ஆடுறவங்களுக்குச் சம்பளம் கிடையாது. வாரம் முழுக்க வேலை, படிப்பு. ஞாயிற்றுக்கிழமை ஊருக்காக ஆட்டம்! 2018-ல் யுனெஸ்கோவும் ஹர்லிங்கைத் தன் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்துக்கிட்டது.

நாளைக்கு நீங்களும் எங்கேயாவது கிளம்பலாம். தாராளமா போங்க! ஆனா கிளம்பும்போது, உங்க கையில இருக்கிற மட்டையை ஒரு ஜூனியர் கையில கொடுத்துட்டுப் போங்க.

அடுத்த வாரம் பார்ப்போமா?